மேல்மாடத்து இருக்கைகள்

விழாவை அறிவிக்க வந்த கௌரி ஒலிவாங்கியைத் தட்டிப் பார்த்தபோது, மேலே எங்கோ ஓர் இருக்கை டப்பென்று மடிந்தது. ஆள் எழுந்தால்தான் அப்படி மடியும். அண்ணாந்து பார்த்தாள். மேல்மாடத்தில் இருட்டைத் தவிர ஒன்றுமில்லை.

"அங்கே யாரும் போக முடியாது," என்றாள் அரங்கப் பொறுப்பாளர் கத்தரின். விக்டோரியா ராணி காலத்துக் கட்டடமாம். திறந்த சில வருஷத்திலேயே, யேசு பிறப்பைக் காட்டும் ஒரு நத்தார் நாடகத்தின்போது மேல்மாடம் தீப்பிடித்துப் பிள்ளைகள் பலர் இறந்துபோனார்களாம். பிறகு படிக்கட்டையே இடித்துவிட்டார்கள். கீழே மட்டும் இன்றுவரை நிகழ்ச்சிகள் நடக்கின்றன.

கௌரிக்கு ஒன்றும் தோன்றவில்லை. போன மாசியில் கணவன் தவறியதிலிருந்தே அவளுக்கு எதுவும் தோன்றுவதில்லை. பனியில் விறைத்த விரலை ஊசி குத்தினால் தெரியும், வலிக்காது, அப்படித்தான் இருந்தாள். மிச்சமிருப்பது ஒன்பது வயது மகள் அனுஷா ஒருத்திதான். இன்று அவளுக்கு முதல் நடன மேடை.

"தங்கச்சி, தொடங்குவமே? சனம் வந்திட்டுது," என்றார் விழாவை நடத்தும் நகுலேஸ்வரன்.

மூன்று மணி நிகழ்ச்சிக்கு நாலு மணிக்கு வந்த சனம். மொன்றியலின் டிசம்பர் பனிக்கு அதுவே பெரிய காரியம். ஈரக் கோட்டும் சாம்பிராணியும் பழைய மரமும் ஒன்றாக மணத்தன. விளக்கேற்றியானது. அடுத்தது வழக்கமான அகவணக்கம். போரில் இறந்தவர்களுக்காக ஒரு நிமிடம் எழுந்து நிற்பது. எழுதி வைத்ததை வாசித்த கௌரி, மரியாதைக்கென்று ஒரு வரி சேர்த்தாள்.

"இந்த மண்டபத்தில் உயிர்நீத்த பிள்ளைகளையும் நினைத்து, எல்லாரும் எழுந்து நிற்போம்."

கீழே முந்நூறு இருக்கைகள் படபடவென்று மடிந்தன. தலைகள் குனிந்தன.

பிறகு மேலே.

டப். டப். டப். அவசரமில்லாமல், ஒன்றன்பின் ஒன்றாக.

பயப்பட வேண்டும் என்று நினைத்தாள். பயம் வரவில்லை. நிமிடம் முடிந்தது.

"நன்றி. அமருங்கள்."

கீழே அமர்ந்தார்கள். மேலே சத்தமில்லை.

அனுஷாவின் பெயரை அறிவித்தாள். திரை விலகியது. மேடை வெறுமை.

"இப்ப இதிலதான் நிண்டவள்," என்று நடன ஆசிரியை தடுமாறினாள்.

சலங்கைச் சத்தம் கேட்டது. மேலிருந்து.

மேல்மாடத்துக் கைப்பிடிச் சுவரோரம் பிள்ளைகள் வரிசையாகத் தலை குனிந்து நின்றார்கள். நடுவில் பட்டுடுத்து, அவர்களைப் போலவே கண்மூடி, அனுஷா.

அப்போதுதான் வலித்தது.

"இருங்கோ பிள்ளையள்," ஒலிவாங்கியில் கெஞ்சினாள். "கும்பிடுறன், எல்லாரும் இருங்கோ."

ஒருவரும் அமரவில்லை.