கோடாய் ஓடிய மாப்பிள்ளை

"கள்ளன்! என்ர கசெற்றை எடுத்தவன் நீதான்டா!"

"கையை எடுங்கோ அண்ணை! சேட் கிழியுது!"

கனடா, டோர்செட் பார்க், பதினோராம் மாடி. 1994.

யோகராணி வீட்டு ஹோலில், வருங்கால மருமகன் சிவரூபனின் பிடியில் வீடியோக்கடை ஸ்ரீதரனின் கழுத்து!

யோகராணி நிலைமையைக் கணக்குப் போட்டாள். நாளைக்குத் தாலிக்குப் பொன்னுருக்கு. மண்டபம் பிடித்தாயிற்று. தூரத்து ரூஜ் ஊர்ச் சனம் வரைக்கும் சொல்லியாயிற்று. இப்போது மாப்பிள்ளை கோபித்துக்கொண்டு போனால்...?

சாதாரண மாப்பிள்ளையா? ஜெர்மனியில் பெயர்போன கோல் கீப்பர்! மூன்று ஜெர்மன் படம், இரண்டு ரீவி நாடகம்!

"நடிப்பு எனக்குச் சரிவராது மாமி. எல்லாத்திலயும் நான் நானாத்தான் வந்தனான்" என்பான், அடக்கமாக.

சாட்சி? அந்த வீடியோக் கசெற்.

ஜெர்மன் கசெற் கனடா வீடியோ டெக்கில் ஓடாது; இரண்டு நாட்டு முறையும் வேறு. வெறும் கோடுதான் ஓடும். அதனாலென்ன? பெண் பார்க்க வந்த சனம் முழுக்க அரை மணி நேரம் கோட்டைப் பார்த்துக் கை தட்டியது. "அந்தத் தடிச்ச கோட்டுக்குப் பின்னால நிக்கிறது தம்பிதானே? நல்ல வடிவு!" என்று முதலில் சொன்னதே யோகராணிதான்.

"ஸ்ரீதரன், உண்மையைச் சொல்லும்! என்ர மகள் நிஷாந்தியை நீரும் பொம்பிளை கேட்டனீர். கிடைக்கேல்லை எண்ட எரிச்சல்தானே?"

"அன்ரி, நான் களவெடுக்கேல்லை. ஆனா கசெற் என்னட்ட வந்தது உண்மை..."

"பாத்தீங்களே மாமி! கூப்பிடுங்கோ பொலிசை!"

"அவரை விடுங்கோ. எடுத்தது நான்!"

வாசலில் நிஷாந்தி. கையில்... கசெற்!

"கனடா டெக்கில ஓடுற மாதிரி மாத்தித் தரச்சொல்லி ஸ்ரீதரனிட்டக் குடுத்தனான். கலியாணத்தண்டு எல்லாரும் உங்களைக் கோடில்லாமல் பாக்கட்டும் எண்டு... சர்ப்ரைஸ்!"

சிவரூபனின் முகம் சுண்ணாம்பாயிற்று.

"போ... போடாதேயும்! பழைய கசெற்... டெக் பழுதாப் போயிடும்!"

"டெக்கும் பழசுதான் தம்பி." யோகராணியே வாங்கிப் போட்டு அழுத்தினாள்.

கோடு இல்லை. பளிங்கு மாதிரிப் படம்.

மேசைக்குப் பின்னால் ஒரு ஜெர்மன் பொலிஸ்காரர். அடுத்து, திரை முழுக்க... சிவரூபன்! நேரே ஒரு படம். பக்கவாட்டில் ஒரு படம். கண்டால் சொல்லச்சொல்லிக் கீழே பொலிசின் ரெலிபோன் நம்பர்!

அடுத்து, ஒரு வெள்ளிக் கப். ஒரு பக்கக் கைபிடி நெளிந்திருந்தது.

யோகராணி மெல்லக் கண்ணை உயர்த்தினாள்.

ரீவிக்கு மேலே, பிளாஸ்ரிக் ரோசாப்பூக்களோடு... அதே கப்! அதே நெளிவு! 'நான் வெண்ட கப், உங்களுக்குத்தான் மாமி' என்று அவன் கொடுத்தது!

"மாமி... இது படம்! கள்ளன் வேசம்! நடிப்பு மாமி, நடிப்பு!"

"நடிப்பு உமக்குச் சரிவராதே! எல்லாத்திலயும் நீர் நீராத்தானே வந்தனீர்?" என்றாள் யோகராணி.

"அப்ப ஏனண்ணை இதை எறியாமல் வைச்சிருந்தனீங்கள்?" கழுத்தைத் தடவியபடி ஸ்ரீதரன்.

"ரீவியில... ஒருக்காத்தானே வந்தனான்..."

சொன்னவன் கதவுக்குப் பாய்ந்தான். நிஷாந்தி குறுக்கே பாய்ந்து மறித்தாள். அந்த அறையில் நல்ல கோல் கீப்பர் அவள்தான்!

பொலிஸ் சிவரூபனையும் கப்பையும் கொண்டுபோனது. பூவை விட்டுவிட்டது.

தை பிறந்ததும் நிஷாந்திக்கும் ஸ்ரீதரனுக்கும் கலியாணம். ரூஜில் வீடு வாங்கிப் போய்விட்டார்கள். சிவரூபனைக் கனடாப் பொலிஸ் ஜெர்மனிக்கு ஏற்றிவிட்டது.

அங்கேயிருந்து யோகராணியின் தங்கை ஒரு கசெற் அனுப்பியிருந்தாள். ரீவிச் செய்தியில் விலங்கோடு சிவரூபனாம்!

"மாத்தித் தரட்டே மாமி?" என்றான் ஸ்ரீதரன்.

"வேண்டாம் தம்பி. கோடாவே ஓடட்டும். உவன் அப்பிடித்தான் வடிவு!"