நாலாவது கை

ஆள் இல்லாத நாற்காலியையும் ஆட்டத்தில் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று சீட்டாட்டப் பெட்டியின் உள்மூடியில் அச்சிட்டிருந்தது. கணவன் அதை இரண்டு தரம் உரக்கப் படித்தான். படித்துவிட்டு, காலியாக இருந்த நாலாவது நாற்காலியை மேஜையோடு ஒட்டி இழுத்துப் போட்டு, அதன் முன்னால் மரவில்லைகள் நிறைந்த சுருக்குப்பை ஒன்றை வைத்தான். அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. உள்ளறையில் குழந்தை காய்ச்சலில் அனத்திக்கொண்டு கிடக்கிறாள். நேற்றிலிருந்து இவள் பொட்டுத் தூக்கம் தூங்கவில்லை. ஒரு வேளை மருந்து கலக்கிக் கொடுக்க எழுந்து வராத மனிதர், நாற்காலிக்கு மரியாதை செய்துகொண்டிருக்கிறார்.

பெட்டியைக் கொண்டுவந்தவள் நாத்தனார். பழைய சாமான் கடையில் கிடைத்ததாம். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், வெளியே விடாத மழை, அண்ணனுக்கும் தங்கைக்கும் பொழுது போகவேண்டும்.

"நாலு பேர் ஆடறது அண்ணா இது. ஒரு கை குறையுது, அதான் நாற்காலி," என்றாள் நாத்தனார். "அண்ணி, நீங்களும் உக்காருங்க. ஒரு மாறுதலா இருக்கும்."

மாறுதலாம். அடுப்படியில் பாத்திரம் குவிந்து கிடக்கிறது. அதில் ஒரு டம்ளரைக் கழுவிக் கவிழ்த்தால் அதைவிடப் பெரிய மாறுதல் கிடையாது. இருந்தாலும் உட்கார்ந்தாள். உட்காராவிட்டால் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறாள் என்பார்கள்.

கணவன் அவள் பக்கம் திரும்பி, மந்தமான பிள்ளைக்குப் பாடம் எடுப்பது போல நிறுத்தி நிறுத்திச் சொன்னான். "சீட்டு ஒவ்வொண்ணும் ஒரு ஓவியம். உன் முறை வந்தா உன் பங்குச் சீட்டுல ஒண்ணை ஏலத்துக்கு வை. மத்தவங்க அவங்கவங்க பங்கு மரவில்லையில வேணுங்கறதை எடுத்துக் கைக்குள்ள மறைச்சுக்கணும். மூணு சொன்னதும் திறக்கணும். யார் கையில அதிகமோ ஓவியம் அவங்களுக்கு, வில்லை வித்தவங்களுக்கு. போட்ட சீட்டைத் திருப்பி எடுக்கக் கூடாது. நாற்காலி எதையும் விக்காது, வாங்க மட்டும் செய்யும். அதுக்குப் பதிலா நான் பார்க்காம பைக்குள்ள கையை விடுவேன், வர்றது வரட்டும். புரியுதா, இன்னொரு தரம் சொல்லட்டுமா?"

"எனக்குக் காது நல்லாத்தான் கேக்குது."

அவன் வைத்த முதல் சீட்டில் ஒரு ஜன்னல். மங்கலான எண்ணெய்ச் சாயம். கீழ்மூலையில் விரிசல் விட்ட கண்ணாடி, விரிசல்மேல் ஒட்டிய பழுப்புக் காகிதம், அந்தக் காகிதத்தின் ஓரம் பெயர்ந்து சுருண்டிருந்தது. அந்தக் காகிதத்தை ஒட்டியது இவள்தான்.

"ஏங்க, இது நம்ம அடுப்படி ஜன்னல்."

"ஆமா, உலகத்துலயே உனக்கு மட்டும்தான் ஜன்னல் இருக்கு."

நாத்தனார் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். மூன்று சொன்னான். கைகள் திறந்தன. பைக்குள்ளிருந்து வந்த வில்லைகளே அதிகம். ஜன்னல் சீட்டைக் கவிழ்த்து நாற்காலிக்கு முன்னால் தள்ளினான்.

அடுத்தது நாத்தனார் முறை. கரையில் கட்டிய படகு ஒன்றை வைத்தாள். "இதை இவ கேக்கமாட்டா," என்றான் கணவன், தங்கையைப் பார்த்துக் கண்ணடித்து. "வெங்காயம் வாங்கறதுக்கே அரைமணி நேரம் யோசிக்கிற ஆளு."

அவளுக்கு உச்சி வரைக்கும் சூடேறியது. தன் பங்கு வில்லைகள் அத்தனையையும் இரண்டு கையாலும் அள்ளிப் பொத்தினாள். திறந்தபோது மேஜையெல்லாம் சிதறி ஓடின. படகு அவளுக்கு வந்தது. வில்லை எல்லாம் நாத்தனாருக்குப் போயிற்று. அந்தப் படகை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அவளுக்கே தெரியவில்லை. ஆனால் அவன் வாய் ஒரு நிமிஷம் மூடியது, அது போதும் என்றிருந்தது.

குழந்தைக்கு வெந்நீர் வைக்க எழுந்தாள். அடுப்படிக்குள் கால் வைத்ததும் மழைச் சத்தம் நின்றுவிட்டது. கூடத்தில் இன்னும் ஓட்டின்மேல் சடசடவென்று கொட்டுவது முதுகுக்குப் பின்னால் கேட்டுக்கொண்டே இருக்க, இங்கே மட்டும் பஞ்சை அடைத்தாற்போல ஓர் ஊமை அமைதி, அதற்குள் புதுச்சாயத்தின் நெடி, தொண்டையில் ஒட்டுகிற எண்ணெய் வாடை. ஜன்னலைத் திறந்துவிடலாம் என்று தாழ்ப்பாளுக்குக் கை நீட்டினாள். தாழ்ப்பாள் தட்டுப்படவில்லை. கம்பி தட்டுப்படவில்லை. வழவழவென்று சுவர்தான் இருந்தது. சுவர்மேல் ஜன்னல் வரைந்திருந்தது. பெயர்ந்து சுருண்ட காகிதத்தை நகத்தால் சுரண்டினாள். நகத்துக்குள் பழுப்புச் சாயம் ஏறியது.

கூடத்துக்கு ஓடிவந்தாள். "அங்க ஜன்னல் இல்ல. வந்து பாருங்க."

"ஆடப் பிடிக்கலன்னா நேரா சொல்லு. உன் முறையைத் தாண்டியாச்சு, உன்னை யாரு எழுந்து போகச் சொன்னது?" கணவன் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. தன் அடுத்த சீட்டை ஏற்கெனவே வைத்திருந்தான்.

அந்தச் சீட்டில் உள்ளறை. நீலப் போர்வை. முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டு ஒருக்களித்துப் படுத்திருந்த ஒரு சிறுமி.

அவள் பாய்ந்து சீட்டைப் பிடுங்கப் போனாள். அதற்குள் அவன் அதன்மேல் உள்ளங்கையை அழுத்தி வைத்துவிட்டான். "தோத்தா கலைச்சிடுவியா? சின்னப் புள்ளையா நீ?"

"எடுங்க கையை. அது நம்ம புள்ள. பாருங்க, நல்லாப் பாருங்க."

"போட்டது போட்டதுதான்."

அவன் பார்க்கவில்லை. இவன் எதைத்தான் பார்த்தான், இத்தனை வருஷத்தில்? பிள்ளைக்கு எந்தப் பக்கம் படுத்தால் மூச்சு சீராக வரும் என்று தெரியுமா இவனுக்கு? அவள் நாத்தனாரின் தோளைப் பற்றினாள். "நீ கேளு. என் வில்லையும் உங்கிட்டதான் இருக்கு. எல்லாத்தையும் வெச்சுக் கேளும்மா."

"விடுங்கண்ணி, வலிக்குது. ஒரு படத்துக்குப் போயி..." நாத்தனார் முகம் வெளுத்திருந்தது. ஆனாலும் கொஞ்சம் வில்லைகளைக் கையில் பொத்தினாள். கொஞ்சம்தான்.

கணவன் பைக்குள் கையை விட்டான். வெளியே எடுக்கச் சிரமப்பட்டான். கை நிறைய, விரலிடுக்கெல்லாம் பிதுங்கிக்கொண்டு வில்லைகள் வந்தன.

"அடேங்கப்பா, நாற்காலிக்கு வந்த வாழ்வைப் பாரு," என்று சிரித்தான்.

சீட்டு நாற்காலிக்கு முன்னால் போயிற்று.

உள்ளறையிலிருந்து இவ்வளவு நேரமும் கேட்டுக்கொண்டிருந்த இழுப்பு நின்றது. சளி கட்டிய அந்தச் சின்ன மூச்சு. நின்றது.

ஓடினாள். நிலைப்படி இருந்தது. அதற்குள் அறை இல்லை. சுவர். சுவரில் நீலப் போர்வை, ஈரமாக. முஷ்டியால் குத்தினாள். மகளைக் கூப்பிட்டாள். சாயம் முழங்கை வரை வழிந்தது. சுவர் சுவராகவே நின்றது.

திரும்பி வந்தபோது அவளுக்கு அழுகை வரவில்லை. கோபம் மட்டும்தான் இருந்தது. தன் இடத்தில் உட்கார்ந்தாள்.

"தாண்டின என் முறை, இப்ப ஆடறேன்."

தன் பங்குச் சீட்டுகளில் ஒன்றைப் புரட்டிப் பார்த்தாள். இந்தக் கூடம். இந்த மேஜை. ஓர் ஆண், ஒரு பெண், எதிரெதிரே. மூன்றாவது நாற்காலியில் யாரும் இல்லை. நாலாவதில் யாரோ இருந்தார்கள். முகம் இருக்கவேண்டிய இடத்தில் சாயம் இன்னும் பூசவில்லை.

சீட்டை நடுவில் வைக்கவில்லை. நேராக நாலாவது நாற்காலிக்கு முன்னால் வைத்தாள். அதனிடமே பேசினாள்.

"வில்லை வேண்டாம். எம் பொண்ணைக் குடு. இதை எடுத்துக்கோ."

"மாத்திக்கிறதுன்னு விதியே கிடையாது," என்றான் கணவன்.

நாற்காலிக்கு முன்னால் கவிழ்ந்திருந்த சீட்டுகளில் ஒன்று தானாக நகர்ந்தது. மெதுவாக. மேஜையைக் குறுக்கே கடந்து, அவள் விரல்நுனியில் வந்து இடித்து நின்றது.

நாத்தனார் "அண்ணி" என்றாள். அந்த ஒரு வார்த்தைக்கு அவள் நாத்தனாரின் முகத்தை ஒரு தரம் பார்த்தாள். ஆனால் சீட்டை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டாள். தெரிந்துதான் வைத்தாள். தெரியாமல் வைத்துவிட்டேன் என்று நாளைக்கு யாரிடமும் சொல்லப்போவதில்லை.

"ஏய், எங்க போற? ஆட்டம் இன்னும் மு..."

கூடத்து மழைச் சத்தமும் நின்றது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை.

உள்ளறை இருந்தது. கட்டில் இருந்தது. மகள் எழுந்து உட்கார்ந்து இரண்டு கையையும் நீட்டிக்கொண்டிருந்தாள். வாரி எடுத்தாள். நெற்றியில் கை வைத்தாள். சூடு இல்லை. துளிச் சூடு இல்லை. குளிர்ந்திருந்தது.

"அம்மா."

"அம்மா இருக்கேண்டா கண்ணு. அழாத."

மகளின் கண்ணோரத்தில் ஒரு சொட்டு நீர். கட்டைவிரலால் மெல்லத் துடைத்தாள்.

கண்ணீரோடு புருவமும் வந்துவிட்டது. கன்னம் முழுக்க, ஒரே இழுப்பாக, கறுப்புச் சாயம்.

குழந்தை அவளைப் பார்த்துச் சிரித்தது.