அலறல் எந்த டிராக்கில்?

“ஐயய்யோ... கொல்றானே...!”

அலறல் கேட்டபோது அந்த அறையில் நான்கு பேர் இருந்தார்கள்.

கம்ப்யூட்டருக்கு முன்னால் சுழல் நாற்காலியில் ரெபேக்கா. அவளுக்கு இடப்பக்கம், அரிசி டிரம்மின் மேல் தம்பி நோயல். எதிரே கட்டிலில், தலையில் தர்பூசணி அளவுக் கட்டோடு பக்கத்து வீட்டு சைலஸ். இரண்டு வீட்டுக்கும் பொதுவான சுவரை ஒட்டி, பிளாஸ்டிக் நாற்காலியில் சப்-இன்ஸ்பெக்டர் நேத்ரா.

நால்வரில் ஒருவரும் அலறவில்லை.

அலறியது ஸ்பீக்கர்.

அதைத் தொடர்ந்து நோயலின் குரல், உற்சாகமாக: “மண்டையிலே போடு... போடு... எடுத்துக்கோ... ஓடு ஓடு!”

டமார்!

கிண்ண்ண்...

ரெபேக்கா அவசரமாக நிறுத்தினாள்.

நேத்ரா மெல்லத் திரும்பி நோயலைப் பார்த்தாள்.

“ஏன்பா, இதுவா உன் சாட்சி?”

“அது கேம்ல சொன்னது மேடம். ஜாம்பி மண்டையிலே.”

“யார் மண்டைன்னு சத்தத்துலே தெரியலியே.”

“என் மண்டைதான் மேடம்,” என்றார் சைலஸ், கட்டைத் தடவிக்கொண்டு. “இன்னும் இன்னா சாட்சி வேணும்?”

நோயல் அக்காவின் காதருகே குனிந்தான்.

“காப்பாத்துன்னு கேட்டேன். கைப்பிடியா புடிச்சுக் குடுக்கறே.”

“வாயை மூடு. எல்லாம் கலந்த டிராக்கைப் போட்டுட்டேன்.”

விஷயம் இதுதான். சைலஸ், ஆண்டர்சன்பேட்டை சபையின் பாடகர் குழுத் தலைவர். சட்டைப்பையில் பேனா இருக்கவேண்டிய இடத்தில் சுருதிக் குழல் வைத்திருப்பவர். வெள்ளிக்கிழமை சாயங்காலம் யாரோ பின்னால் வந்து அவரை அடித்துப் போட்டுவிட்டு, அவர் வீட்டில் இருந்த கீதப் போட்டி வெள்ளிக் கோப்பையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்களாம். விழும்போது முகம் பார்த்தாராம்.

நோயல் முகம்!

நோயலுக்குத் திங்கட்கிழமை காலை பாக்டரியில் அப்ரென்டிஸ் வேலை. போலீஸ் சரிபார்ப்புக் கடிதம் மட்டும் பாக்கி. அந்தக் கடிதம் இப்போது நேத்ராவின் மடியில், ஒட்டாத கவரில், ஒரே ஒரு வரி எழுதப்படாமல் காத்திருந்தது.

‘வழக்கு உண்டு’ என்று எழுதினால் பாக்டரி கேட் நோயலுக்குத் திறக்காது.

“மேடம், ஒரு நிமிஷம்,” என்றாள் ரெபேக்கா. “நான் கேம் ஆடி வீடியோ போடறவ. எதையும் தனித்தனியா பதிவு பண்ணுவேன். கேம் சத்தம் ஒரு டிராக். நாங்க மைக்ல பேசறது ஒரு டிராக். ரெண்டும் கலந்தது இன்னொண்ணு. நீங்க கேட்டது அந்தக் கலவை. பிரியாணியிலேர்ந்து அரிசியைத் தனியா எடுத்துக் காட்டறேன், பாருங்க.”

“எடுத்து?”

“வெள்ளிக்கிழமை சாயங்காலம் நோயல் எனக்குப் பக்கத்துலே இந்த டிரம் மேலதான் உக்காந்திருந்தான். மைக் டிராக்லே முழுக்க அவன் குரல் இருக்கும்.”

சைலஸ் இருமினார்.

“அதெல்லாம் ஒத்துக்க முடியாது மேடம். இது அந்தக் காலத்து லைன் வீடு. மேலே பாருங்க. சுவரு கூரையைத் தொடலே. நடுவுலே ஒரு முழம் சந்து. என் வீட்லே பேசினா இந்த வீட்டு மைக்லே கேக்கும். அவன் எங்க வீட்லே நின்னுக்கூடக் கத்தியிருக்கலாம்.”

நேத்ரா அண்ணாந்து பார்த்தாள். உண்மை. சுவருக்கும் கூரைக்கும் நடுவே இருட்டாக ஒரு சந்து.

“சரியாத்தான் சொல்றாரு,” என்றாள்.

நோயலின் முகம் சுருங்கியது.

ரெபேக்காவின் முகம் விரிந்தது!

“ரொம்ப தேங்க்ஸ், அங்கிள்.”

“எதுக்கும்மா?”

“உங்க வீட்லே பேசினா என் மைக்லே கேக்கும்னு நீங்களே சொன்னதுக்கு.”

மவுஸ் நகர்ந்தது. கேம் டிராக் ஊமையானது. மைக் டிராக் மட்டும் ஓடியது.

துப்பாக்கி இல்லை. ஜாம்பி உறுமல் இல்லை. பதிவின்போது இருவரும் ஹெட்போன் போட்டிருந்ததால் கேமின் ஒரு பொட்டுச் சத்தம்கூட மைக்கில் ஏறவில்லை. கேட்டதெல்லாம் நோயல் முறுக்கு மெல்லும் சத்தம்.

கரக்... கரக்...

“மைக்குக்குப் பக்கத்துலேதான் மெல்றான்,” என்று ஒத்துக்கொண்டாள் நேத்ரா. “பல்லு எண்ணலாம் போலிருக்கு.”

அப்போது, முறுக்குக்குப் பின்னால், தொலைவில் ஒரு மெல்லிய சத்தம்.

பீஈஈ...

சைலஸின் கை தானாகவே சட்டைப்பைக்குப் போனது.

ஸ்பீக்கரில் யாரோ அந்தச் சுருதியைப் பிடித்து முனகினார்கள். “ம்ம்ம்ம்...” பிறகு, நிதானமாக: “ஐயோ.”

இருமல்.

“ஊஹூம். கீழே இறங்கிடுச்சு.”

மறுபடியும் பீஈஈ. மறுபடியும் முனகல்.

“ஐயோ... கொல்றான்.”

“சேச்சே. கடைசியிலே இழுக்கணும்.”

மூன்றாவது பீஈஈ. மூச்சு இழுக்கும் சத்தம். அப்புறம் அடிவயிற்றிலிருந்து, கோயில் கடைசி பெஞ்சுக்கும் கேட்கும்படி:

“ஐயய்யோ... கொல்றானே...!”

மூன்று தலைகளும் மெதுவாகச் சைலஸ் பக்கம் திரும்பின.

வெளியே ஒரு ஆட்டோ போனது. அதுவும் மெதுவாகத்தான் போனது.

“கேம்லே... கேம்லே வர்ற சத்தமா இருக்கும் மேடம்,” என்றார் சைலஸ்.

“வாங்க அங்கிள், அதையும் கேட்டுடலாம்.”

ரெபேக்கா மைக்கை ஊமையாக்கி, கேம் டிராக்கை மட்டும் ஓடவிட்டாள். துப்பாக்கி. உறுமல். ஓட்டம். சுருதிக் குழல் எங்கேயும் இல்லை.

“ஜாம்பிங்க பிட்ச் பாத்துக் கத்தறதில்லே,” என்றான் நோயல்.

நேத்ரா எழுந்தாள். இடுப்பில் கை வைத்தாள்.

“எந்தத் திருடன் வந்தாலும் சுருதி பாத்துத்தான் கத்துவீங்களா சார்?”

“பழக்கம் மேடம்,” என்றார் சைலஸ் பரிதாபமாக. “ரிகர்சல் இல்லாம நான் ஆமென்கூடச் சொல்றதில்லே.”

“இங்கே வந்து உக்காருங்க. என் சேர்லே. விசாரணை இப்பத்தான் ஆரம்பம்.”

சைலஸ் கட்டிலை விட்டுத் தள்ளாடி வந்து, சுவரை ஒட்டிய பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தார்.

“கோப்பை எங்கே?”

“தெரியாது மேடம். கத்தினது வேற, கோப்பை வேற.”

டமார்! கேம் டிராக் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. குண்டு வெடித்தது.

கிண்ண்ண்...

ரெபேக்கா நிமிர்ந்தாள்.

காலையிலிருந்து அவள் உயிரை எடுத்த சத்தம் அது! ஒவ்வொரு வெடிக்கும் வாலாக ஒரு கிண்ண். தனியாகப் பிரித்து அழிக்கலாம் என்று மூன்று டிராக்கிலும் தேடிச் சலித்திருந்தாள்.

ஹெட்போனை மாட்டினாள். அதே வெடியைத் திரும்ப ஓட்டினாள்.

டமார். அவ்வளவுதான். கிண்ண் இல்லை.

கழற்றினாள். ஸ்பீக்கரில் ஓட்டினாள்.

டமார். கிண்ண்ண்...

“மேடம்,” என்றாள் ரெபேக்கா மெதுவாக. “அந்தச் சத்தம் பதிவுலே இல்லே. இந்த ரூம்லே இருக்குது.”

“நோ நோ, ஒண்ணும் வேணாம்மா, ஆப் பண்ணிடு,” என்றார் சைலஸ், மிக அவசரமாக.

ரெபேக்காவின் விரல் ஒலியை முழுசாக ஏற்றியது. ஸ்பீக்கர் மேஜையில் துள்ளியது.

டமாஆஆர்!

சுவரின் உச்சியில், இருட்டுச் சந்தில், ஏதோ வெள்ளையாக மினுங்கியது. ஆடியது. ஓரத்துக்கு நகர்ந்தது. எட்டிப் பார்த்தது.

பிறகு இறங்கியது.

ணங்!

“யம்மோவ்வ்வ்!”

வெள்ளிக் கோப்பை சைலஸின் கட்டின் மேல் விழுந்து, துள்ளி, நோயலின் காலடியில் உருண்டு நின்றது.

நேத்ரா கட்டைப் பிரித்தாள். உள்ளே பழைய காயம் எதுவும் இல்லை. புதுசாக ஒரு வீக்கம், எலுமிச்சம்பழம் போல.

“இப்போ கட்டுங்க. இப்போ தேவை.”

சைலஸ் உடைந்துபோனார்.

“வருஷா வருஷம் நாங்க ஜெயிச்ச கோப்பை மேடம். இந்த வருஷம் நந்திதுர்க் சபை ஜெயிச்சிருச்சு. நாளைக்கு என் கையாலே தூக்கிக் குடுக்கணும். முடியலே. என் வீட்லே தேடினா கிடைக்கக் கூடாதுன்னு சுவத்து மேல தள்ளி வெச்சேன்.”

“அதுக்கு என்னை ஏன் அங்கிள் மாட்டிவிட்டீங்க?” என்றான் நோயல்.

“டேய், ஏன் தோத்தோம்? டெனார் குரல்லே பாட வேண்டியவன் ரிகர்சலுக்கு வராம இங்கே ஜாம்பி சுட்டுக்கினு இருந்தான்!”

நோயல் முறுக்கு டப்பாவைப் பார்த்தான். ஒரு முறுக்கை எடுத்து வாயில் போட்டுக்கொண்டான்.

“சும்னே இருங்க, பேசாதீங்க ரெண்டு பேரும்,” என்றாள் நேத்ரா. “சைலஸ் சார், புகாரை வாபஸ் வாங்கறீங்க. நாளைக்குக் கோப்பையை நீங்களே குடுக்கறீங்க. சிரிச்சுக்கிட்டே.”

“சிரிக்கணுமா?”

“வேணும்னா இன்னைக்கு ரிகர்சல் பாத்துக்குங்க.”

அவள் கடிதத்தை மேஜையில் வைத்து, பாக்கியிருந்த வரியை எழுதினாள். ‘வழக்கு எதுவும் இல்லை.’ கையெழுத்து. முத்திரை. மடித்துக் கவரில் போட்டு, பசை தடவி, விரலால் அழுத்தி ஒட்டினாள்.

நோயல் விட்ட மூச்சு மைக்கிலேயே கேட்டிருக்கும்.

“தபால்லே போட்டா திங்கட்கிழமைக்குள்ளே போய்ச் சேராது,” என்றாள் நேத்ரா. “சைலஸ் சார், நீங்களே பாக்டரி கேட்லே குடுத்துட்டு வாங்க. நடந்து.”

சைலஸ் கவரை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். வாசல் வரை போனார். நின்றார். திரும்பினார்.

“ரெபேக்கா... அந்த அலறலை எல்லாம் அழிச்சுடுவியாம்மா?”

“எதுக்கு அங்கிள்? அடுத்த வீடியோலே ஜாம்பி சாகும்போது போடப் போறேன்.”

சைலஸின் முகத்தில் ஒரு கலைஞனின் வெளிச்சம் வந்தது.

“மூணாவதுதானே? அதுலேதான் சுருதி நின்னுச்சு.”

ரெபேக்கா திரையைக் காட்டினாள். ஓரத்தில் சிவப்புப் புள்ளி ஒன்று இன்னும் கண்சிமிட்டிக்கொண்டிருந்தது. ரெக்கார்டிங்!

“நாலாவது, அங்கிள். கோப்பை விழுந்தப்போ கத்தினீங்களே, அது. ரிகர்சல் பாக்காம வந்த அது ஒண்ணுதான் உருப்படி.”