பரிசு அறை

அவள் தண்ணீர் குடிக்க அடுக்களைக்கு வந்தபோது ஃப்ரிட்ஜ் கதவு ஆவென்று திறந்து கிடந்தது. உள்ளே எரிந்த விளக்கின் வெளிச்சம், மழை மூட்டம் போட்ட அந்த மத்தியான மங்கலில், தரையில் நீளமாக விழுந்திருந்தது. வாண்டின் வேலையாக இருக்கும் என்று நினைத்தாள். நான்கு வயது மகளுக்கு வீட்டில் அதுதான் பெயர். எட்டிப் பார்த்தால், வாண்டு படுக்கையறையில் வாயைத் திறந்துகொண்டு தூங்கிக்கொண்டிருந்தாள். கதவைச் சாத்திவிட்டு வேலைக்குத் திரும்பினாள்.

வேலை என்று சொன்னால் சொந்தக்காரர்கள் சிரிப்பார்கள். வீடியோ கேம்களை வெளியிடுவதற்கு முன்னால் விளையாடிப் பார்த்துப் பிழை கண்டுபிடிக்க வேண்டும். விளையாடுவதற்கெல்லாமா சம்பளம் தருகிறார்கள் என்று மாமியாரே கேட்டிருக்கிறார். இப்போது கையில் இருந்தது குழந்தைகளுக்கான விளையாட்டு: ஒரு பெரிய வீடு, போகிற பக்கமெல்லாம் கதவு. 'பச்சைப்பூட்டு' என்று ரகசியக் கடவுச்சொல்லை அடித்தால் எல்லாக் கதவும் திறந்துகொள்ளும். வேறு எந்த வழியிலும் போக முடியாத, பொம்மைகள் நிறைந்த பரிசு அறை ஒன்றும் கூடவே திறக்கும். அதையே மறுபடி அடித்தால் எல்லாம் மூடிக்கொள்ளும். அந்தச் சொல்லை யார் வைத்தார்கள் என்று அதே கம்பெனியில் புரோகிராம் எழுதும் அவள் கணவனுக்கே தெரியவில்லை. ஒழுங்காக வேலை செய்கிறதா என்று பார்க்கச் சொல்லி அனுப்பியிருந்தான். காலையிலிருந்து அதைத்தான் அடித்து அடித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

இன்னொரு முறை அடித்தாள். திரையில் கதவுகள் திறந்தன. அவள் முதுகுக்குப் பின்னால் குளியலறைத் தாழ்ப்பாள் தானாக விலகும் சத்தம் கேட்டது. அதன்பின் பீரோவின் கீல் நீளமாக முனகியது, அடுக்களையில் பாட்டில்கள் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டன. திரும்பிப் பார்த்தாள். வீட்டில் கதவு என்று இருந்த எல்லாமே திறந்திருந்தன. பதறிப்போய் மறுபடி அடித்தாள். எல்லாம் மூடிக்கொண்டன, தூங்கும் பிள்ளை விழித்துவிடக் கூடாதென்று யாரோ பார்த்துப் பார்த்துச் சாத்துவது போல.

கணவனுக்குப் போன் போட்டாள்.

"ஏங்க, அந்தப் பச்சைப்பூட்டை முதல்ல தூக்கிடுங்க."

"ஏன், வேலை செய்யலையா?"

"செய்யுது. நம்ம வீட்லயும் செய்யுது."

அவன் சிரித்தான். ராத்திரியெல்லாம் கண் விழித்தால் இப்படித்தான் ஆகும் என்றான். மீட்டிங் ஆரம்பித்துவிட்டது, அங்கே உட்கார்ந்தபடியே அந்தச் சொல்லைத் தூக்கிவிடுகிறேன் என்று சொல்லிப் போனை வைத்துவிட்டான்.

அப்போதே கணினியை அணைத்துவிட்டுப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வெளியே போயிருக்கலாம். ஆனால் ஒரு பிழையை மறுபடி நடத்திக் காட்டாமல் யாரும் நம்ப மாட்டார்கள் என்பது அவள் தொழில் புத்தி. படம் பிடித்துக் காட்டினால் சிரிக்க மாட்டான் அல்லவா? செல்போனைப் பிடித்துக்கொண்டு ஒற்றைக் கையால் அடித்தாள்.

இந்த முறை நடைவழியின் கடைசியிலும் ஒரு சத்தம் கேட்டது. அங்கே வெறும் சுவர்தான் உண்டு. போய்ப் பார்த்தாள். சுவரில் ஒரு குட்டைக் கதவு உட்பக்கமாகத் திறந்திருந்தது. புதுப் பெயின்ட் வாசனை. அதற்கு அடியில், காயாத துணியின் புழுங்கல் நாற்றம். உள்ளே இருட்டு.

மேசைக்கு ஓடி வந்து மறுபடி அடித்தாள். கதவு போய்விட்டது. சுவர் சுவராக நின்றது. அப்பாடா என்று மகளைத் தூக்கப் படுக்கையறைக்குள் போனாள்.

படுக்கை காலியாக இருந்தது. தலையணையில் இன்னும் சூடு இருந்தது.

"அம்மா." குரல் சுவருக்குள்ளிருந்து வந்தது. பயமே இல்லாத குரல். "இங்க நிறைய பொம்மை இருக்கு. ஒண்ணு மூச்சு விடுது."

மேசைக்கு ஓடினாள். விரல் வழுக்கியது. பிழை. மறுபடி அடித்தாள். பிழை. மறுபடி.

திறந்தது. சுவரை நோக்கி ஓடினாள்.

"வாண்டு, ஓடி வாம்மா. அம்மாகிட்ட வா."

இருட்டில் காலடி. தடதடவென்று. வாசல் வரை வந்தது. ஒரு சின்னக் கை வெளியே நீண்டது. எட்டிப் பிடித்தாள்.

இன்னொரு கையில் செல்போன் அதிர்ந்தது. கதவு இல்லை.

'தூக்கிட்டேன். இனி நிம்மதியாத் தூங்கு.'

அவள் கணவன் எதைச் செய்தாலும் சுத்தமாகச் செய்வான். இனி அந்தச் சொல்லை எத்தனை முறை அடித்தாலும் திறக்காது. கூப்பிட்டாள். எடுக்கவில்லை. மறுபடி கூப்பிட்டாள். எடுக்கவில்லை.

சுண்ணாம்புப் பூச்சிலிருந்து நான்கு சின்ன விரல்கள் நீட்டிக்கொண்டிருந்தன. ஈரமாக, சூடாக, அவள் கையைப் பற்றியபடி. மண்டியிட்டாள். அவற்றைக் கன்னத்தோடு சேர்த்துக்கொண்டாள்.

"பயப்படாதடா. அம்மா விட மாட்டேன்."

புரிந்ததுபோல் விரல்கள் அழுத்தின.

அப்போது சுவருக்குள், வெகு தூரத்தில், பல அறைகளைத் தாண்டி, வாண்டு அழுதாள்.

"அம்மா, எங்க இருக்க?"

அவள் கையை உதறினாள். விரல்கள் விடவில்லை.