முன்விறாந்தை யாருடையது?

2025 ஆம் ஆண்டு பெப்ரவரி மாதம் பத்தாம் திகதி, திங்கட்கிழமை முற்பகல், கிழக்குக் கரையோரக் கல்முனைப் பிரதான வீதியில் உள்ள சட்டத்தரணி மர்ஷூதாவின் அலுவலகத்துக்கு ஸம்றா என்ற கல்லூரி மாணவி வந்தாள். அவள்மீது சுமத்தப்பட்டிருந்த குற்றம் இதுதான்: இல்லாத ஒரு பக்கத்தைச் சான்றாகக் காட்டி, இணையக் கலைக்களஞ்சியத்தில் பொய்க் கட்டுரை எழுதிவிட்டாள். வியாழக்கிழமை மாலைக்குள் அந்தப் பக்கத்தைக் காட்டாவிட்டால் கட்டுரை நீக்கப்படும். மாணவர் குழுவிலிருந்து அவளும் நீக்கப்படுவாள்.

மர்ஷூதாவின் கீழ்ப் பயிலும் இளம் சட்டத்தரணி நிஹ்லா, வழக்கு எதுவாயினும் பாதி கேட்டவுடனே தீர்ப்பைச் சொல்லிவிடும் இயல்பினள். அன்றும் கதிரையை முன்னே இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

"முதல்ல இருந்து கதை, மகள்," என்றார் மர்ஷூதா.

ஸம்றாவின் கல்லூரியில் இறுதியாண்டு மாணவர்கள் ஒரு பணியை மேற்கொண்டிருந்தார்கள். பெண்களைப் பற்றிக் கலைக்களஞ்சியத்தில் உள்ள கட்டுரைகளைப் படிப்பது, ஒருவர் எழுதியதை மற்றவர் சரிபார்ப்பது, சான்றில்லாத வரியை அகற்றுவது, விடுபட்ட பெயரைச் சேர்ப்பது ஆகியவை அதில் அடங்கும். கச்சிமுகம்மது என்பவரைப் பற்றிய ஒரு கட்டுரை ஸம்றாவின் கண்ணில் பட்டது. பெரியவளானதும் பள்ளியை விட்டு நிறுத்தப்பட்ட பெண்பிள்ளைகளுக்காக, 1958 இல் சாய்ந்தமருதில் அவர் தமது வீட்டிலேயே வகுப்புத் தொடங்கினார் என்று அது சொன்னது. இறுதியில் ஒரு வரி இருந்தது: 'இப்பணியில் அவருடைய துணைவியாரும் உதவினார்.' துணைவியாருக்குப் பெயர்கூட இல்லை.

"அந்த ஒரு வரியப் பாத்துப் பாத்து எனக்கு நித்திரையே வரல்ல மிஸ்," என்றாள் ஸம்றா. "நூலகத்துல அந்த வகுப்பிட வெள்ளி விழா மலர் கிடைச்சிச்சு. அம்பத்தோராம் பக்கத்துல தெளிவா இருந்திச்சு. வகுப்பத் தொடங்கினது மைமூனா. புருஷன் கச்சிமுகம்மது விளக்குக்கு எண்ணெய் வாங்கிக் குடுத்தார். வகுப்பு நடந்தது வீட்டு முன்விறாந்தையில. படமும் இருந்திச்சு. நான் மைமூனாவுக்குத் தனிக் கட்டுரை எழுதின. இப்ப போய்ப் பாத்தா மலர்ல அம்பதுக்குப் பிறகு அம்பத்திமூணு வருகுது."

"போன்ல படம் எடுக்கல்லயா?" என்றாள் நிஹ்லா.

"போனைக் கவுண்டர்ல வாங்கி வெச்சிருவாங்க. கையாலதான் எழுதி எடுத்த."

"வேற பிரதி?"

"சுனாமிக் கடல் வந்த அண்டைக்கு எல்லாம் போயிட்டு எண்டு சொல்றாங்க."

மர்ஷூதா மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டார். "மன்னிப்புக் கேட்டா விடுவாங்களா?"

"ஓம் மிஸ். சான்று இல்லாம எழுதிட்டன் எண்டு ஒரு வரி போட்டாச் சரியாம்." அவள் நிமிர்ந்தாள். "போட மாட்டன். கண்டதக் காணல்ல எண்டு நான் ஏன் சொல்லணும்? மைமூனாவ ஒருக்கா அழிச்சாங்க. ரெண்டாந்தரம் என்ட கையால அழிக்கச் சொல்றாங்க."

கட்டுரையை நீக்குமாறு கோரியவர் 'அயலகத் தமிழன்' என்ற புனைபெயருக்குள் இருந்தார். அவர் உரையாடற் பக்கத்தில் எழுதியிருந்ததை நிஹ்லா உரக்க வாசித்தாள்:

'நான் தமிழ்நாட்டில் பிறந்து அங்கேயே வாழ்பவன். அந்த ஊரை நான் கண்டதுமில்லை; எனக்கு அங்கே உறவினர் எவருமில்லை. நடுநிலையோடு கேட்கிறேன். மைமூனா இளையவர். மூத்தவருக்கு முந்திய ஆண்டிலேயே திருமணம் முடிந்துவிட்ட நிலையில், அந்த வீடு மைமூனாவுடையதாக எப்படி இருக்க முடியும்? தமதல்லாத வீட்டில் அவர் எவ்வாறு வகுப்புத் தொடங்கினார்? மேற்கோள் காட்டிய பக்கம் மலரில் இல்லை. இது கற்பனைக் கட்டுரை.'

"இன்னொருக்கா வாசி," என்றார் மர்ஷூதா. நிஹ்லா வாசித்தாள். "இதுல உனக்கு என்ன வித்தியாசமாத் தெரியுது?"

"ஒண்டுமில்ல மிஸ். சொன்னாக் கோவிக்காதீங்க, கேள்வி நியாயமாத்தான் இரிக்கி."

"அதுதான் வித்தியாசம்," என்றார் மர்ஷூதா. அதற்குமேல் அவர் விளக்கவில்லை. ஸம்றாவின் பக்கம் திரும்பினார். "மைமூனாவுக்கு ஒரு மூத்த சகோதரி இருந்தது உனக்குத் தெரியுமா?"

"தெரியாது மிஸ். மலர்ல அப்படி ஒண்டும் இல்ல. தேடியும் பாக்கல்ல. அவட வீடு எண்டுதான் எழுதின."

பிற்பகலில் மூவரும் நூலகத்துக்குச் சென்றார்கள். பொறுப்பாளர் றாஸிக், அதே கரையோரத்துப் பாலமுனையைச் சேர்ந்த கூச்ச சுபாவமுள்ள மனிதர். மலரை இரு கைகளாலும் ஏந்தி வந்து வைத்தார். தாள் தையலோடு ஒட்டிக் கூரிய அலகினால் வெட்டப்பட்டிருந்தது.

"இந்தப் புள்ளக்குப் பிறகு ரெண்டு பேர்தான் இத எடுத்த," என்றார் அவர். "ஒண்டு இவவோட படிக்கிற ஹிஷாம். மத்தது அஷ்ரப் காக்கா. கச்சிமுகம்மது ஹாஜியார்ட பேரன் அவர். ஹாஜியார்ட பேருல மண்டபம் கட்டப் போறாராம், அதுக்குத் தகவல் வேணும் எண்டு வந்தார். மூணாவது ஆள் நான்தான் மெடம். என்ட பொறுப்புல இருந்த புத்தகம். என்னயும் சேத்துத்தான் பாக்கணும்."

நிஹ்லா மர்ஷூதாவின் காதோரம் குனிந்தாள். "ஹிஷாம்தான் மிஸ். கச்சிமுகம்மது கட்டுரய முதல்ல எழுதினதே அவன். ஸம்றா அதப் புரட்டிப் போட்டதுல அவனுக்கு ரோசம்."

ஹிஷாம் வாசிப்பறையின் மூலையில்தான் இருந்தான். கடலுக்கு வெகு தூரத்திலுள்ள மாவனல்லையிலிருந்து வந்து கல்முனையில் அறையெடுத்துப் படிப்பவன்; 'இருந்தது' என்பது அவன் ஊர்ப் பேச்சில் 'ஈந்திச்சு'. மலரைப் பற்றி மர்ஷூதா கேட்டதும் அவன் முகம் சிவந்தது. "ஸம்றாட கட்டுரைல பிழை புடிக்கத்தான் மலர எடுத்தேன் மிஸ். ஒரு பிழையும் ஆப்புடல்ல. பக்கமும் அன்டைக்கு ஈந்திச்சு. அதச் சொன்னா ஆரு நம்புற?"

"நான் நம்புறன். ஒண்டு மட்டும் சொல்லுங்க தம்பி. வகுப்பு நடந்த வீடு ஆருட?"

"ஹாஜியார்ட வீடுதானே? நான் அப்படித்தானே எழுதி ஈக்கிறேன். கல்யாணம் முடிச்ச பொம்புள புருஷன்ட ஊட்டுல இல்லாம வேற எங்க ஈப்பா?"

நிஹ்லாவால் சிரிப்பை அடக்க முடியவில்லை. "எங்கட ஊருல மாப்பிள்ளதான் பேக்கத் தூக்கிட்டு வரணும் தம்பி. வீடு பொம்புளட. நீங்க இங்க சம்பந்தம் பேசினா உங்களுக்கு வாடகை மிச்சம்!"

ஹிஷாம் திகைத்தான். "அப்ப வாப்பாட வீடு?"

"அப்படி ஒண்டு இல்ல. உம்மாட வீடு, அதுவும் மூத்த மகளுக்கு. அடுத்தவளுக்கு அதே வளவுக்குள்ள வேற வீடு."

சொல்லி முடித்த நிஹ்லா சட்டென்று வாயை மூடிக்கொண்டாள். தான் காலையில் இருமுறை வாசித்தும் காணாததை அப்போதுதான் கண்டாள். மர்ஷூதா அவளைப் பார்த்துத் தலையசைத்தார்.

மறுநாள் மர்ஷூதாவும் நிஹ்லாவும் சாய்ந்தமருதுக்குப் போனார்கள். பிரதான வீதிக்கு மேற்கே, கடல் எட்டாத பக்கத்தில், வகுப்பு நடந்த அந்த வீட்டு வளவு இருந்தது. கதவைத் திறந்தவர் ஹப்ஸா என்ற குடும்பநல உத்தியோகத்தர். வேலைக்குப் புறப்படும் வெள்ளைச் சேலையில் இருந்தார்.

"இது என்ட உம்மாட உம்மா றாஹிலாட வீடு," என்றார் அவர். "அவவுக்குப் பிறகு உம்மாவுக்கு, இப்ப எனக்கு. மைமூனா அவட தங்கச்சி. பக்கத்து வீடுதான் அவவுக்குக் கட்டிக் குடுத்த. றாஹிலாட பேர வெளியில ஆரும் கதைக்கிற இல்ல. ஆனா வகுப்புக்கு இந்த விறாந்தைய விட்டுக் குடுத்தது அவதான். புருஷன்மார் முகம் சுளிச்சதுக்கு, 'வீடு என்ட, தங்கச்சி படிப்பிப்பா, விருப்பமில்லாதவங்க பின்கதவால போங்க' எண்டாவாம்."

"வகுப்பைப் பற்றி ஒரு மலர் வந்ததே," என்றார் மர்ஷூதா.

"அலுமாரிக்குள்ள இரிக்கும். வீட்டோட வந்த அலுமாரி, ஆரும் கிளறின இல்ல."

திரும்பும் வழியில் மலர் நிஹ்லாவின் மடியில் இருந்தது. "ஸம்றா தப்பிட்டாள் மிஸ்!"

"பக்கம் கிடைச்சா மட்டும் காணாது. ஒரு புள்ளைக்குப் பொய்காரி எண்டு பேர் வெச்ச ஆளும் முன்னுக்கு வரணும்."

வியாழக்கிழமை முற்பகல் நூலகத்தின் வாசிப்பறையில் எல்லாரும் கூடினார்கள். ஸம்றாவின் விரிவுரையாளரும் வந்திருந்தார். எல்லாரும் அண்ணன் முறையில் 'காக்கா' என்றழைக்கும் அஷ்ரப் கடைசியாக வந்தார், ஐம்பது வயதிருக்கும். கையில் கோப்பு, மண்டபத்தின் அடிக்கல் விழாவுக்கான அழைப்பிதழ்களை எல்லாருக்கும் நீட்டினார். 'பெண் கல்விக்காகத் தமது வீட்டைத் திறந்துவிட்ட வள்ளல்' என்று அதில் அச்சிடப்பட்டிருந்தது.

மர்ஷூதா அழைப்பிதழை மேசையில் நேராக வைத்தார். "சுருக்கமாச் சொல்றன். வகுப்பு நடந்தது மைமூனாட சொந்த வீட்டுல. அவ தாய்க்கு ஒரே மகள்; வீடு அவவுக்குத்தான் வந்திருக்கும். அதால ஸம்றா எழுதினது முழுக்கச் சரி."

றாஸிக் தலையாட்டினார். ஹிஷாம் அதைக் குறித்துக்கொண்டான். அஷ்ரப் மட்டும் பொறுக்கவில்லை.

"ஒரே மகளா? ஆர் மெடம் சொன்ன? மூத்தவ றாஹிலா இரிக்கக்குள்ள மைமூனாவுக்கு எப்படி அந்த வீடு போகும்? முந்தின வருசமே அவக்குக் கல்யாணம் முடிச்சிக் குடுத்து..."

அவர் நிறுத்தினார்.

"தொடருங்க அஷ்ரப் காக்கா," என்றார் மர்ஷூதா அமைதியாக. "இதே கேள்விய அயலகத் தமிழனும் கேட்டிரிக்கார். தமிழ்நாட்டுல பிறந்து வளந்த ஆளுக்கு இந்தக் கேள்வி பொதுவா வராது. அவர், 'கணவர் வீட்டில் மனைவி எப்படித் தொடங்கினார்?' எண்டு கேட்டிருப்பார். ஹிஷாமும் அப்படித்தான் எழுதினார். அதால அவர் இல்ல. மூத்தவளுக்கு முடிஞ்சா வீடு போயிட்டு எண்டு யோசிக்காமலே எழுதிறது எங்கட கரையில உள்ள ஆள்தான். எங்களுக்கு அது மூச்சு விடுற மாதிரி, நிஹ்லாவே கவனிக்கல்ல. றாஸிக்கும் இந்தக் கரைதான். ஆனா மூத்த சகோதரி ஒருத்தி இருந்ததும், எந்த வருசம் முடிச்சதும் மலர்லயும் இல்ல, கட்டுரையிலயும் இல்ல. ஒரே மகள் எண்டு நான் சொன்னதுக்கு றாஸிக் தலையாட்டினார். திருத்தினது நீங்க ஒராள்தான்."

அஷ்ரப்பின் கை கோப்பின் மேல் கிடந்தது. "நான் சொன்னது உண்மைதானே? வீடு மைமூனாட இல்லதானே?"

"உண்மைதான். ஸம்றா அதுல பிழை விட்டுட்டா, திருத்துவா. ஆனா மூத்தவட வீடு எண்டா, அது உங்கட வாப்பாட வாப்பாடயும் இல்ல. இதுல 'தமது வீட்டை' எண்டு அடிச்சிரிக்கீங்களே, அது எந்த வீடு?"

மர்ஷூதா பையிலிருந்து ஹப்ஸாவின் மலரை எடுத்து ஐம்பத்தோராம் பக்கத்தை விரித்தார். விறாந்தைத் தூணோரம் இரண்டு பெண்கள் நின்றார்கள். ஒருத்தியின் கீழ் 'மைமூனா' என்று அச்சிடப்பட்டிருந்தது. கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற மற்றவளுக்குப் பெயர் போடப்படவில்லை.

"அவர் நல்ல மனுசன், மெடம்," என்றார் அஷ்ரப் தாழ்ந்த குரலில். "புள்ளயள் படிக்கிறதுக்கு எதிரா நிண்டவர் இல்ல."

ஸம்றா எழுந்து நின்றாள். "எதிரா நிக்காததுக்குக் கல்வெட்டா, காக்கா?"

அஷ்ரப் கோப்பைத் திறந்து, மடிக்கப்படாத ஒரு தாளை வெளியே எடுத்தார். "எறிய ஏலாமப் போயிட்டு. வாப்பாட உம்மாட படம் வேற எங்கயும் இல்ல."

"அதத்தான் நாங்களும் சொல்றம்," என்றாள் நிஹ்லா.

அன்று மாலை, கலைக்களஞ்சியத்தின் உரையாடற் பக்கத்திலும் கல்லூரியிலும் எட்டப்பட்ட முடிவு வருமாறு. மைமூனாவைப் பற்றிய கட்டுரை நிலைத்திருக்கும். 'தமது வீட்டில்' என்று ஸம்றா எழுதியது பிழையாதலால் நீக்கப்பட்டு, மலரில் உள்ளவாறே 'வீட்டு முன்விறாந்தையில்' என மாற்றப்பட்டது. கச்சிமுகம்மது கட்டுரையில் இருந்த அதே பிழையை ஹிஷாம் தன் கையாலேயே நீக்கி, விளக்குக்கு எண்ணெய் வாங்கிக் கொடுத்த செய்தியைச் சேர்த்தான். அயலகத் தமிழனின் கணக்கு முடக்கப்பட்டது. வெட்டிய தாளை அஷ்ரப், றாஸிக்கின் முன்னிலையில் மலருக்குள் ஒட்டிக் கொடுத்தார். அழைப்பிதழ்களைத் திருப்பி வாங்கிக்கொண்டு போனார். றாஹிலாவின் பெயர் கட்டுரையில் இன்னும் சேர்க்கப்படவில்லை. அச்சிட்ட சான்று இல்லாத பெயரைச் சேர்க்க விதி இடந்தராது, அந்த விதியை ஸம்றாவும் மீறவில்லை. ஆகையால் ஹப்ஸாவின் வாக்குமூலத்தையும் கதவோரம் நிற்பவளின் படத்தையும் கல்லூரியின் அடுத்த ஆய்விதழில் அச்சிடுவதென்றும், அது வெளிவந்த அன்றே அதைச் சான்றாகக் காட்டிப் பெயரைச் சேர்ப்பதென்றும் தீர்மானிக்கப்பட்டது. ஸம்றா குழுவில் தொடர்கிறாள். அவள் மன்னிப்பு வரி எழுதவில்லை. எழுத வேண்டியதில்லை என்பதும் பதிவுசெய்யப்பட்டது.