பாவனையில் உள்ளது

கம்பியூட்டரை மூடியிருந்த பூப்போட்ட துணியை எடுத்தபோது பிரேமிளாவின் புறங்கை திரைக் கண்ணாடியில் பட்டது. கண்ணாடி வெதுவெதுப்பாக இருந்தது.

கையை எடுக்காமல் அப்படியே நின்றாள். சுவரில் பிளக் கழன்றுதான் இருந்தது. நேற்றுப் பின்னேரம் இடி முழங்கத் தொடங்கியதும் அவளே அதைக் கழற்றி, வயரைச் சுருட்டி மேசையில் வைத்துவிட்டுப் போயிருந்தாள். சுருட்டிய வயர் சுருட்டியபடியே கிடந்தது. இரவெல்லாம் பெய்த மழையில் சுவர்கள் ஊறி, அறை முழுக்க நனைந்த சுண்ணாம்பின் மணம் வீசியது. மேசையும் குளிர்ந்திருந்தது, கதிரையும் குளிர்ந்திருந்தது, சீமெந்து நிலம் காலைக் கடித்தது. கண்ணாடியில் மட்டும் காய்ச்சல் விட்டுக்கொண்டிருக்கும் பிள்ளையின் நெற்றிச் சூடு.

துணியால் மூடிக் கிடந்ததால் இருக்கும் என்று சொல்லிக்கொண்டு பிளக்கைக் குத்தினாள்.

நெளுக்குளத்தில் அந்த வீட்டின் முன்னறைதான் கடை. கலியாணக் கார்ட்டும் பள்ளிக்கூட வினாத்தாளும் அங்கே அடித்துக் கொடுத்தார்கள். வீட்டுக்காரர் ஞானப்பிரகாசம் முல்லைத்தீவில் இரண்டு வள்ளம் வைத்திருந்த சம்மாட்டி. இடம்பெயர்ந்து வவுனியாவுக்கு வந்தபின், கடல் இல்லாத ஊரில் என்ன செய்வதென்று தெரியாமல் முற்றத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தவருக்கு, கொழும்பில் படித்துவிட்டு வந்த மகன் டிலக்ஸன்தான் இந்தக் கம்பியூட்டரைக் கொண்டுவந்து கடையைத் தொடங்கிக் கொடுத்தான். போன மார்கழியில் ஒரு காலை, டிஸ்கட் வாங்கிவருகிறேன் என்று டவுனுக்குப் போன டிலக்ஸன் திரும்பி வரவில்லை. அவனுடைய சைக்கிளை மட்டும் ஒரு மதகடித் தண்ணீரில் இருந்து எடுத்தார்கள். அதற்குப் பிறகு வேலைக்கு வந்தவள் பிரேமிளா. டிலக்ஸனை அவள் படத்தில் மட்டும்தான் பார்த்திருக்கிறாள்.

அன்று அந்தப் படம் அவள் கைக்கு வந்தது. மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு ஞானப்பிரகாசம் உள்ளே வந்து, கதவைச் சாத்திவிட்டு, சட்டைப் பையிலிருந்து அதை எடுத்து மேசையில் வைத்தார்.

"பிள்ளை, அன்ரி கோயிலுக்குப் போட்டா. பொழுதுபடத்தான் வருவா. அதுக்குள்ள ஒரு கார்ட் அடிச்சுத் தரவேணும்."

"என்ன கார்ட், அங்கிள்?"

"ஓராண்டு நினைவு."

பிரேமிளா படத்தைப் பார்த்தாள். ஒல்லியான நெடிய பையன். படம் எடுத்தவர் தலையை உள்ளே அடக்கப் பின்னால் நகர்ந்திருக்க வேண்டும். காலடியில் நிறைய மணல் தெரிந்தது.

"அன்ரிக்குத் தெரியுமோ?"

"தெரிஞ்சா விடமாட்டா. அவவுக்கு அவன் இன்னும் இருக்கிறான்." அவர் நிலத்தைப் பார்த்துச் சொன்னார். "ஒரு வருசமாப் பிள்ளையின்ர ஆன்மாவுக்கு ஒரு பூசை ஒப்புக்குடுக்கேல்ல. நான் எத்தினை நாளைக்கு, பிள்ளை, பாத்துக்கொண்டிருக்கிறது?"

அவள் படத்தை ஸ்கேன் செய்து சேமிக்கப் பார்த்தாள். இயந்திரம் மறுத்தது. வட்டில் இடமில்லை என்று ஆங்கிலத்தில் ஒரு பெட்டி வந்து நின்றது. போன கிழமை அடித்த வினாத்தாள்களுக்கு இடம் இருந்தது. அதற்குப் பிறகு அவள் எதையும் ஏற்றவில்லை. எது இவ்வளவையும் அடைத்துக்கொண்டிருக்கிறது என்று தேடிப் போனவள் கண்டுபிடித்துவிட்டாள்.

"அண்ணா போட்ட கேம்ஸ், அங்கிள். அதுகள்தான் இடத்தைப் பிடிச்சிருக்கு."

"அப்ப அதுகளை எடு."

அவள் எடுக்கவில்லை. ஒவ்வொரு கேமுக்குப் பக்கத்திலும் அது கடைசியாக விளையாடப்பட்ட திகதி இருந்தது. எல்லாவற்றிலும் ஒரே திகதி.

"அங்கிள், நேற்று இரவு ஆரும் இதில விளையாடினவையோ?"

"நேற்று இரவு கறண்டே இல்லை, பிள்ளை."

மழை மீண்டும் தொடங்கியிருந்தது. ஓட்டில் விழுந்து, பீலியில் ஓடி, முற்றத்துத் தகரத்தில் கொட்டும் சத்தம் அறையை நிரப்பியது. ஞானப்பிரகாசம் அவளுக்குப் பின்னால் நின்று திரையையே பார்த்தார்.

"அவ சொல்லுறவ, இரவில முன்னறையில கீபோட் தட்டுற சத்தம் கேக்குதாம் எண்டு. அதாலதான் அவன் இருக்கிறான் எண்டு நிக்கிறா."

"நீங்கள் கேட்டனீங்களோ?"

"நான் கேக்கேல்ல," என்றார். சொல்லிவிட்டு யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அவர் கேட்டிருக்கிறார் என்று பிரேமிளாவுக்கு விளங்கியது.

முதலில் கார் ஓட்டும் கேமை அழித்தாள். திரையில் ஒரு சிறிய பட்டி இடமிருந்து வலமாக நிரம்பி மறைந்தது. ஒன்றும் நடக்கவில்லை. பிறகு ஆகாய விமானம் ஓட்டுவது. அதற்குப் பிறகு பந்தால் செங்கல் உடைப்பது. அது மறையும்போது, மூடியிருந்த கதவுக்கு அப்பால், வீட்டின் உள்ளறையில், நெடுநேரம் உட்கார்ந்திருந்த ஒருவர் எழும்பும்போது கதிரை விடும் முனகல் கேட்டது. ஞானப்பிரகாசமும் தலையைத் திருப்பினார். துருப்பிடித்த இரும்பு நெடுங்காலம் தண்ணீரில் கிடந்தால் வரும் மணம், கதவின் கீழ் இடுக்கால் மெதுவாக வரத் தொடங்கியது.

"கெதியா, பிள்ளை."

சதுரங்கத்தை எடுத்தாள். ஒன்றுதான் மிச்சம். அதன்மேல் அம்புக்குறியை வைத்து அழி என்று கொடுத்தாள்.

பட்டி வரவில்லை. பெட்டிதான் வந்தது. அழிக்க முடியாது. இது இப்போது பாவனையில் உள்ளது.

மறுபடி கொடுத்தாள். பாவனையில் உள்ளது.

"என்னவாம்?"

"ஆரோ பாவிச்சுக்கொண்டிருக்கினமாம், அங்கிள்."

சொன்ன பிறகுதான் தன் வாயால் சொன்னது அவள் காதில் விழுந்தது. திறந்துகிடந்தால் மூடிவிட்டு அழிக்கலாம் என்ற எண்ணத்தில் கேமின் பெயரில் இரண்டு முறை தட்டினாள்.

திரை இருண்டு, பிறகு ஒரு நடைவழி தெரிந்தது. சாம்பல் சுவர்கள் இரண்டு பக்கமும், மேலே கூரை, எதிரே இருட்டு. விளையாடுகிறவனின் கண்ணால் பார்ப்பதுபோலக் காட்டும் கேம்; அம்புச் சாவியை அழுத்தினால் நடக்கும். பிரேமிளா எதையும் அழுத்தவில்லை. இரண்டு கையும் மடியில்தான் இருந்தன. நடைவழி நகர்ந்தது. சுவர்கள் பின்னோக்கிப் போயின. ஒரு திருப்பத்தில் இடது பக்கம், அடுத்ததில் வலது பக்கம், தயங்காமல், பழகிய வீட்டில் இருட்டிலும் நடக்கிறவனைப்போல. ஒரு கதவு திறந்தது. அடுத்த நடைவழி. எங்கும் முட்டவில்லை. எங்கும் நிற்கவில்லை.

ஞானப்பிரகாசம் அவளுடைய கதிரையின் முதுகைப் பிடித்திருந்தார்.

"இப்பிடித்தான் நடப்பான்," என்றார். "இதுக்குள்ளயே கிடப்பான். சாப்பிடக் கூப்பிட்டாலும் வரான்."

"விடுவம், அங்கிள். கார்ட்டை வேற இடத்தில அடிப்பம்."

திரையின் வெளிச்சம் அவருடைய நரைத்த தாடியில் ஏறி இறங்கியது.

"போதும், பிள்ளை. அவன் கிடந்து அலையிறது போதும். எடு."

அவர் முதலாளி. அதைவிட, தகப்பன். பிரேமிளா இயந்திரத்தை நிறுத்தி, எழுத்து மட்டும் வரும் கறுப்புத் திரையில் மீண்டும் ஏற்றி, அழிக்கும் கட்டளையை ஒவ்வொரு எழுத்தாக அடித்தாள். அதில் பாவனையில் உள்ளது என்று சொல்ல ஒன்றும் இல்லை. நிச்சயமா என்று மட்டும் கேட்டது. ஓம் என்று கொடுத்தாள்.

எழுத்துகள் ஓடி முடிந்தன. வெள்ளைக் கோடு ஒன்று மட்டும் மினுங்கி மினுங்கி நின்றது. இடம் இப்போது தாராளமாக இருந்தது.

உள்ளறையில் யாரோ நடந்தார்கள்.

வெறுங்கால். ஈரமான வெறுங்கால் சீமெந்தில் ஒட்டி ஒட்டி எழும் சத்தம். நேராக வந்தது. பிறகு தொம் என்று சுவரில் முட்டியது. நின்றது. திரும்பியது. நேராகப் போனது. தொம்.

அதே நொடியில் கறண்ட் போனது.

கம்பியூட்டரின் விசிறி இழுத்து இழுத்து ஓய்ந்தபின் மழையும் அந்த நடையும்தான். மேகம் மூடிய பின்னேரம் அறைக்குள் சாம்பலாக இறங்கியிருந்தது. ஞானப்பிரகாசம் கதவடியில் போய் நின்றார். கையைக் கொண்டியில் வைத்தார். திறக்கவில்லை.

"டிலா?" என்றார், மிக மெதுவாக.

நடை நின்றது. குரல் எந்தப் பக்கத்தில் இருந்து வருகிறதென்று தேடுவதுபோல ஓர் இடைவெளி. பிறகு வேகமாக, குரல் இல்லாத பக்கத்துக்கு. தொம்.

வாசல் கதவு திறந்தது. பிரேமிளா கத்திவிட்டாள். வந்தது அன்ரி, டிலக்ஸனின் தாய் புனிதம். குடையை மடக்காமல், முக்காடு நெற்றியில் ஒட்டியிருக்க, சேலைக் கரையில் இருந்து தண்ணீர் சொட்டச் சொட்ட நின்றாள். கோயிலில் பாதியில் எழும்பி ஓடிவந்தவளின் மூச்சு. மேசையில் இருந்த படத்தைப் பார்த்தாள். இருண்ட திரையைப் பார்த்தாள். உள்ளே தொம் என்று கேட்டது.

"ஆர் அவனை வெளியில விட்டது?"

பிரேமிளா விசைப்பலகையிலிருந்து கையை எடுத்தாள்.

"புனிதம், நான்தான்..." என்று தொடங்கினார் ஞானப்பிரகாசம்.

"அங்க அவனுக்கு வழி தெரியும்." அவள் கோபப்படவில்லை. குரலில் ஏற்ற இறக்கம் இருக்கவில்லை. "பாடமாக்கின வழி. இஞ்ச ஒண்டும் தெரியாது. இந்த வீடு எப்பிடி எண்டுகூட மறந்திருப்பான். என்ன செய்து வச்சிருக்கிறீங்கள்?"

"அன்ரி, நான் திருப்பி ஏத்திவிடுறன். கறண்ட் வரட்டும். அண்ணாட்ட அந்த டிஸ்கட் இருக்கும்தானே?"

"எல்லாம் சிநேகிதப் பெடியளிட்ட வாங்கிப் போட்டது. ஒருத்தனும் இப்ப ஊரில இல்லை."

பிரேமிளா பட்டனை அழுத்தினாள். மீண்டும் அழுத்தினாள். கறண்ட் இல்லாத இயந்திரத்தின் பட்டனை, விரல் நோகும்வரை.

புனிதம் குடையை நிலத்தில் விட்டாள். கதவைத் திறந்துகொண்டு உள்ளே போனாள். கதவு அவளுக்குப் பின்னால் தானாகச் சாத்திக்கொண்டது.

"வா, ராசா. அம்மாவின்ர கையைப் பிடி. இதால வா. இஞ்சால."

நடை நின்றது. மழை மட்டும். இனி ஒன்றுமில்லை என்று பிரேமிளா நினைக்கத் துணிந்தாள்.

"இஞ்சால, அப்பு. அங்கயில்லை. இஞ்சால..." குரல் நகர்ந்தது. "சரி. சரி, நீ போ. அம்மா உன்னோட வாறன்."

இப்போது இரண்டு நடை.

தொம்.

உடனே பின்னால், இன்னொன்று. தொம்.

ஞானப்பிரகாசம் கதவைத் தள்ளிக்கொண்டு ஓடினார். பிரேமிளா வாசலுக்கு ஓடினாள். ஒழுங்கை முழுக்க வெள்ளம். பக்கத்து வீடு பூட்டிக் கிடந்தது. அதற்கு அப்பால் சந்தியில் ஆமிக்காரரின் காவல் சென்றி, பொழுதுபட்டால் அந்தப் பாதையில் ஒருவரும் நடக்க முடியாது. "ஆராவது வாங்கோ!" என்று கூப்பிட்டாள். மழை அந்தக் குரலைப் படலைக்கு அப்பால் போகவிடவில்லை.

திரும்பிவந்தாள். குசினியில் இருந்து லாம்பைக் கொளுத்திக்கொண்டு, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, உள்ளறை வாசலில் நின்றாள்.

புனிதம் நடந்துகொண்டிருந்தாள். வலக்கையை முன்னால் நீட்டி, இல்லாத ஒரு கையைப் பிடித்தபடி. முகம் நிமிர்ந்திருந்தது. நேராகப் போய்ச் சுவரில் நெற்றி முட்ட, வலிக்காதவளைப்போலத் திரும்பினாள். ஞானப்பிரகாசம் அவளுடைய இடுப்பைக் கட்டிப் பிடித்திருந்தார். வள்ளம் இழுத்த கை அது. அவளை நிறுத்த முடியவில்லை. கால்கள் சீமெந்தில் இழுபட அவரும் போனார்.

"விடு, புனிதம். விடடி. அவன் செத்துப்போனான்!"

அவர் சொன்னது அவள் காதில் விழவில்லை. இருட்டில் தொலைந்த பிள்ளைக்குச் சொல்லுவதுபோல மெல்ல முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். "பயப்பிடாத. பயப்பிடாத, ராசா. ஒரு கதவு வரும்."

தொம்.

அவருடைய பிடி கழன்றது. முழங்காலில் விழுந்தார். எழும்ப முயலவில்லை. பிரேமிளா குறுக்கே போய் நின்று, லாம்பைத் தூக்கிப் பிடித்தாள்.

"அன்ரி!"

புனிதத்தின் தோள் அவளை இடித்துத் தள்ளிக்கொண்டு போனது. அதற்கு முன்பே, புனிதம் எட்டும் முன்பே, ஈரமான குளிர்ந்த ஏதோ ஒன்று அவளுடைய மறு தோளைத் தள்ளியிருந்தது. அவள் சுவரோடு சாய்ந்தாள். ஓடக் கால் வரவில்லை.

அவர்கள் திரும்பி வந்தார்கள். நேராக.

எதிர்ச் சுவரில் லாம்பின் வெளிச்சம் விழுந்தது. புனிதத்தின் நெற்றி படும் இடத்தில் சுண்ணாம்பு உதிர்ந்து சிவந்திருந்தது. அதற்கு மேலே, ஒரு நெடிய பையனின் தலை உயரத்தில், யாரும் தொடாத வெள்ளைச் சுவரில் இன்னொரு கறை.

தொம்.

மேலே இருந்த கறை முதலில் நனைந்தது. ஒரு சிவப்புக் கோடு அதிலிருந்து இறங்கி, கீழே, தாயின் கறையை நோக்கி மெதுவாக வந்தது.