எல்லாரும் வரும் வாசல்

"ஹலோ! நகருங்க... நகருங்கன்னு சொல்றேன்ல!"

அவன் நகரவில்லை. ஆளில்லாத கல்யாண மண்டபத்தின் நட்டநடுவில் கண்ணை மூடிக்கொண்டு நின்று, பளீர் பளீரென்று கைதட்டிக்கொண்டிருந்தான். அவள் காலை ஊன்றிச் சக்கர நாற்காலியை இழுத்து நிறுத்துவதற்குள் அது அவன் காலில் நறுக்கென்று இடித்துவிட்டது.

கண்ணைத் திறந்தான். திட்டப்போகிறான் என்று அவளும் நாலு பதில்களைத் தயாராக வைத்துக்கொண்டாள். அந்தக் கண்களில் கோபமே இல்லை... அப்போதுதான் தூங்கி எழுந்த குழந்தையின் கண்கள் மாதிரி அத்தனை தெளிவு. அவன் காலைத் தடவிக்கொண்டே நாற்காலியை எட்டிப் பார்த்தான். அது காலியாக இருந்தது.

"ஆள் எங்கேங்க? வழியில எங்கேயாவது கொட்டிட்டீங்களா?"

"நடு மண்டபத்துல நின்னு தனக்குத்தானே கைதட்டிக்கிறவர் கேக்குற கேள்வியா இது? அப்படி என்ன சாதிச்சீங்க?"

"எதிரொலி பாக்குறேங்க. நான் மைக்செட் போடுறவன். கைதட்டினா இந்த மண்டபத்துல பேச்சு கேக்குமா, இரைச்சல்தான் கேக்குமான்னு தெரிஞ்சுடும். நீங்க...?"

"வண்டி ஓட்டக் கத்துக்கொடுக்கிறேன்."

"அய்யய்யோ... பிரேக் பிடிக்கத் தெரியாத டீச்சரா!"

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வந்த சிரிப்பை அப்படியே விழுங்கிக்கொண்டாள். முன்பின் தெரியாதவனிடம் பல்லைக் காட்டும் வழக்கம் அவள் வீட்டில் யாருக்கும் கிடையாது.

நாற்காலியைத் திருப்பிக்கொண்டு வாசலுக்குப் போனால்... மழை! தெருவே தெரியாத மழை. வேறு வழியில்லாமல் வாசல் கூரையின் கீழ் இரண்டு பேரும் ஆளுக்கொரு தூணோரம் ஒதுங்கினார்கள். சாரல் அவள் நெற்றியில் தெறித்தது. அவன் பார்க்காத மாதிரி பார்த்தான். அவள் அதைக் கவனிக்காத மாதிரி கவனித்தாள்.

அவள் இந்த ஊருக்கு வந்தது ஒரு ரகசிய வேலையாக. தம்பிக்குக் கல்யாணம். வேலை பார்க்கிற இடத்தில் அவனாகத் தேடிக்கொண்ட பெண். பெண் தங்கம், ஊர்தான் வில்லங்கம். இவர்களுடையது கடலோரத் துறைமுகம், பெண் வீடோ மலைக்கு மேலே. நடுவில் ஒரு நாள் ரயில் பயணம். இருவரின் சிநேகிதர்களோ திசைக்கொருவராக வெளிநாடுகளில். 'எங்க ஊருக்கு வாங்க' என்று இவர்கள் சொல்ல, 'நீங்க வாங்களேன்' என்று அவர்கள் சொல்ல, போனிலேயே முகங்கள் சுருங்கிப் போயின. கடைசியில் நடுவழியில் இருக்கும் இந்த ஊர் என்று முடிவானது. பெண் வீட்டார் வந்து ஏதாவது ஒரு மண்டபத்தைத் தலையில் கட்டுவதற்கு முன், தானே பார்த்துவிட வேண்டும் என்று யாரிடமும் சொல்லாமல் கிளம்பி வந்திருந்தாள்.

அவன் போன் அடித்தது. தொழில் பழக்கம் போலிருக்கிறது, எடுத்ததுமே ஸ்பீக்கரில் போட்டான்.

"மச்சான்! ரகசியமா மண்டபம் பாக்கப் போனீங்களே, எப்படி இருக்கு? எங்க அக்கா காதுக்கு மட்டும் போயிடக் கூடாது. தெரிஞ்சா என்னை உரிச்சுத் தொங்கவிட்டுடும்..."

அது அவள் தம்பியின் குரல்!

எட்டிப் போனைப் பிடுங்கினாள். "டேய்... அக்கா காதுக்கு வந்தாச்சுடா."

அந்தப் பக்கம் டொக்கென்று போன் கட்டானது. இந்தப் பக்கம் மைக்செட்காரன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். "ஓ... என் தங்கச்சிக்கு வரப்போற நாத்தனாரா! காலுக்கு அடி பட்டப்பவே நான் கண்டுபிடிச்சிருக்கணும்."

இந்த முறை அவளால் சிரிப்பை விழுங்க முடியவில்லை. மழையின் இரைச்சலுக்கு மேல் கேட்டது அந்தச் சிரிப்பு. அவன் சிரிப்பதை நிறுத்திவிட்டு அவளையே பார்த்தான்...

அதோடு விட்டிருந்தால் கதை அங்கேயே இனித்திருக்கும். வாய் சும்மா இருக்குமா?

"மண்டபம் நல்லாத்தான் இருக்கு," என்றாள். "முன்னால இத்தனை படி இருக்கே, அதுதான் இடிக்குது. எங்கப்பாவுக்கு நடக்க முடியாது. அதனாலதான் அவரோட பழைய நாற்காலியைக் கொண்டுவந்து தள்ளிப் பாத்தேன்."

"அவ்வளவுதானே? பின்னாடி சமையல்கட்டுப் பக்கம் சரிவு இருக்குங்க. மூட்டை, சிலிண்டர் எல்லாம் அந்த வழியாத்தான் வருது. அப்படியே தள்ளிட்டு வந்துடலாம்."

அவள் முகம் மாறியது. "எங்கப்பா சாமான் இல்ல."

"நான் அந்த அர்த்தத்துல..."

"துறைமுகத்துல கிரேன் ஓட்டினவர் அவர். ஊருக்கு வந்த பாரமெல்லாம் அவர் கையாலதான் இறங்கிச்சு. கால் போன அன்னிக்குச் சொன்னார், 'நான் தூக்கினவன், என்னை யாரும் தூக்கக் கூடாது'ன்னு. இன்னிக்கு வரைக்கும் ஒருத்தர் கை பட விட்டதில்ல. மகன் கல்யாணத்துக்கு, வந்தவங்க எல்லாம் முன்வாசல்ல நுழையும்போது அவர் மட்டும் மூட்டை வர்ற வழியில வரணுமா?"

"இந்த ஊருல இத்தனை ஜனம் கொள்ளுற மண்டபம் இது ஒண்ணுதாங்க. இதுக்கே எங்க வீட்டுல எவ்வளவு இறங்கி வந்திருக்கோம் தெரியுமா?"

"இறங்கி வந்தீங்களா? அப்ப உங்க மலைக்கே திரும்பி ஏறிக்குங்க!"

கொட்டும் மழையில் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு இறங்கி நடந்தாள். குடை நீட்டியவனைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அப்பாவிடம் ஒன்றும் மறைக்கவில்லை. மறைத்தால் அவருக்குப் பிடிக்காது. அவர் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு கேட்டுவிட்டு, "எனக்காகக் கல்யாணம் நிக்கக் கூடாதும்மா. நீங்க போய் நடத்திட்டு வாங்க. நான் வீட்டுல இருந்துக்கிறேன்," என்றார். குரல் கொஞ்சமும் நடுங்கவில்லை. தம்பியோ, அப்பா இல்லாத மேடையில் ஏறமாட்டேன் என்று ஒரே பிடியாக நின்றான். மலையில் அந்தப் பெண் அழுது அழுது முகம் வீங்கிக் கிடப்பதாகத் தகவல் வந்தது.

இத்தனைக்கும் நடுவில், கற்றுக்கொள்ள வந்தவர்கள் கியரை மாற்றித் திணறும்போதெல்லாம், 'பிரேக் பிடிக்கத் தெரியாத டீச்சரா' என்ற குரல் அவள் காதில் கேட்டுத் தொலைத்தது. சீ... என்ன மனசு இது! அப்பாவை மூட்டையோடு வரச் சொன்னவன் அவன். அவனை நினைத்துப் பார்ப்பதே தப்பு என்று தன்னையே அதட்டிக்கொண்டாள். மனசு அவளிடம் பாடம் படிக்க வந்த மாணவி இல்லை, அதட்டலுக்கு அடங்கவில்லை.

அப்புறம் ஒரு நாள் அவனே கூப்பிட்டான்.

"டீச்சர்... நான் அன்னிக்கு யோசிக்காம பேசிட்டேன். தப்பு என்மேலதான். அப்பாவைக் கூட்டிட்டு ஒரே ஒரு தடவை வாங்க. பிடிக்கலைன்னா நானே எங்க வீட்டுல பேசி, உங்க ஊருலயே கல்யாணத்தை வச்சுக்கலாம்னு சொல்றேன்."

அப்பா தானே கையை ஊன்றி வண்டியில் ஏறி உட்கார, அவளே ஓட்டிக்கொண்டு போனாள். போகிற வழியெல்லாம் மறுபடி தூறல். "யாரும்மா அந்தத் தம்பி?" என்று அப்பா கேட்டார். "யாரோ மைக்செட்காரர்," என்றாள். ஒரு சொல்லுக்குக் கன்னம் சூடாகும் என்று அதுவரை அவளுக்குத் தெரியாது.

மண்டபத்து முன்வாசல் பூட்டிக் கிடந்தது. அவளுக்குக் கோபம் உச்சந்தலைக்கு ஏறியது. அப்போது பக்கத்துச் சந்திலிருந்து கையை ஆட்டிக்கொண்டு ஓடி வந்தான் அவன், சட்டையெல்லாம் சுண்ணாம்புக் கறையோடு. "இந்தப் பக்கம்ங்க... வாசல் இந்தப் பக்கம்!"

அவள் சந்துக்குள் எட்டிப் பார்த்தாள்... மூட்டையும் சிலிண்டரும் வரும் அதே சமையல்கட்டுச் சரிவு! சந்துத் தரை கழுவி விட்ட மாதிரி பளிச்சென்று இருந்தது. சுவர்களுக்குப் புதிதாக வெள்ளை அடித்திருந்தது. சரிவின் உச்சியில் பெரிய கதவு விரியத் திறந்து, உள்ளே விளக்குகள். மண்டபமே திரும்பி உட்கார்ந்திருந்தது! முன்வாசலுக்கு முதுகைக் காட்டி மேடை. அதில் ஏறவும் படி இல்லை, அகலமான பலகைச் சரிவு. நாற்காலிகள் எல்லாம் அந்தப் பக்கம் பார்த்திருக்க, சமையல் பாத்திரங்கள் பழைய முன்கூடத்துக்குக் குடிபோயிருந்தன.

"மேனேஜர் முதல்ல என்னைப் பைத்தியம்னு நினைச்சார்," என்றான். "இப்ப இப்படியே இருக்கட்டும்னு சொல்றார்."

அப்பா நிதானமாகக் கேட்டார். "இது எனக்கு மட்டும் போட்ட வழியா தம்பி?"

"இல்லீங்கய்யா. பொண்ணு, மாப்பிள்ளை, ரெண்டு ஊரு ஜனம், வெளிநாட்டுல இருந்து வர்ற சிநேகிதங்க... எல்லாருக்கும் இதுதான் வாசல். மூட்டையும் சிலிண்டரும் இனிமே படியேறி வரட்டும்."

கதவருகே ஓர் அம்மாள் நின்றிருந்தாள். அவனுடைய அம்மா. "சந்து வழியா சம்பந்தியை அழைச்சா நாலு பேர் என்ன சொல்லுவாங்கன்னு நானும் சண்டை போட்டேன் அண்ணா," என்றாள். "அப்புறம் நானே இந்த வழியா முதல்ல நடந்து வந்து பாத்தேன். எங்களுக்கு இதுல ஒரு குறைச்சலும் இல்ல. நீங்க வாங்க."

தன்னையறியாமல் அவள் கை நாற்காலியின் பிடிக்குப் போனது. அப்பா திரும்பிப் பார்த்தார். கையை எடுத்துவிட்டாள். இரண்டு சக்கரங்களையும் தன் கையாலேயே உருட்டி, கடலோரத்துக் கிரேன்காரர் அந்தச் சரிவில் ஏறினார். நெஞ்சு நிமிர்ந்திருந்தது. உள்ளே நுழைந்ததும், "விசாலமா இருக்கு," என்று சொல்லிவிட்டு அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். தூறல் எப்போதோ நின்றுவிட்டிருந்ததை அவள் கவனித்தாள்.

சம்பந்திகள் பேச உட்கார்ந்ததும் அவனைத் தேடிப் போனாள். ஸ்பீக்கர் பெட்டி மேல் உட்கார்ந்து ஒயரைச் சுற்றிக்கொண்டிருந்தான்.

"எங்கப்பாவை நீங்க இதுக்கு முன்னால பாத்ததுகூட இல்ல. எதுக்கு இவ்வளவு?"

"தங்கச்சிக்காக."

"பொய்."

"கொஞ்சம் பொய்தான்..." ஒயரைக் கீழே வைத்தான். "அன்னிக்கு அப்பாவைப் பத்திச் சொல்லும்போது உங்க கண்ணைப் பாத்தேன். அப்படி ஒரு ராங்கி! நமக்காகவும் ஒருத்தி இப்படிச் சண்டை போட மாட்டாளான்னு... சே, எனக்குச் சொல்லத் தெரியலீங்க. ஊரெல்லாம் கேக்குற மாதிரி மைக் கட்டுறவன், எனக்கே இப்பக் குரல் வரமாட்டேங்குது."

அவள் தலை குனியவில்லை.

"என்கிட்ட ஏன் திணறுறீங்க? எங்கப்பாகிட்ட போய்க் கேளுங்க. அவர் முன்னால நின்னுக்கிட்டு, குனிஞ்சு பேசினா அவருக்குப் பிடிக்காது. பக்கத்துல நாற்காலி போட்டு உக்காந்து, சமமா கேளுங்க."

அவன் ஒரு நாற்காலியை இழுத்துக்கொண்டு போய் அப்பா பக்கத்தில் போட்டு உட்கார்ந்தான். ஏதோ முணுமுணுத்தான்.

"என்ன தம்பி? கிரேன் சத்தத்துல கிடந்த காது. உரக்கச் சொல்லுங்க."

அவன் எழுந்துவிடாமல், அப்பாவின் முகத்தை நேராகப் பார்த்துச் சொன்னான். மண்டபம் முழுக்கக் கேட்டது.

"உங்க பொண்ணை எனக்கு ரொம்பப் பிடிச்சிருக்குங்கய்யா. கட்டிக்க ஆசைப்படுறேன்!"

அப்பா தலையைத் திருப்பி மகளைத் தேடினார். அவள் மேடை ஓரத்தில் கையைக் கட்டிக்கொண்டு, முதுகை நிமிர்த்தி நின்றிருந்தாள்... அப்பா மாதிரியே.

"எனக்கும்தான்ப்பா," என்றாள், அவனுக்குக் கொஞ்சமும் குறையாத சத்தத்தில்.